கல்லூரி முடிந்தது, களம் எங்கே?

ஆட வந்த பெண்ணுக்குச் சம்பளம் தரும் லீக் அமைய ஏழு ஆண்டுகள் ஆயின. அது மூடப்பட மூன்று பருவங்கள் போதுமாக இருந்தன. மியா ஹாம் என்ற முன்கள வீராங்கனையின் கதை.

2003 செப்டம்பர் 15, திங்கட்கிழமை. பெண்கள் உலகக் கோப்பைக் கால்பந்து அமெரிக்காவில் தொடங்க ஐந்தே நாட்கள் இருந்தன. சீனாவில் நடந்திருக்க வேண்டிய போட்டி அது. சார்ஸ் நோய் பரவியதால் அவசர அவசரமாக இடம் மாற்றப்பட்டிருந்தது. சொந்த மண்ணில் இன்னொரு உலகக் கோப்பை என்றால் யாருக்குத்தான் கசக்கும்? ஆனால் அன்று அமெரிக்க வீராங்கனைகளுக்குக் கிடைத்த செய்தி வேறு. அவர்களுக்குச் சம்பளம் தந்துகொண்டிருந்த லீக் மூடப்பட்டுவிட்டது. வூசா என்று சுருக்கமாக அழைக்கப்பட்ட விமென்ஸ் யுனைடெட் சாக்கர் அசோசியேஷன், மூன்று பருவங்களில் சுமார் 10 கோடி டாலரை விழுங்கிவிட்டுக் கதவைச் சாத்தியது.

வேலை இழந்தவர்களில் மியா ஹாமும் ஒருவர். வயது 31. சர்வதேச ஆட்டங்களில் அதுவரை ஆணோ பெண்ணோ வேறு எவரும் அவர் அளவுக்குக் கோல் அடித்ததில்லை. 2001, 2002 இரண்டு ஆண்டுகளிலும் உலகின் சிறந்த வீராங்கனை என்று ஃபிஃபா தேர்ந்தெடுத்தது அவரைத்தான். அப்படிப்பட்டவருக்கு வாழ்நாளில் ஒரு கிளப்பின் சட்டை அணிந்து ஆடக் கிடைத்தவை மூன்றே பருவங்கள்.

கல்லூரியில் ஆடிப் புகழ்பெற்ற பெண் அடுத்து எங்கே போவாள் என்ற கேள்விக்கு அமெரிக்கா பதில் தேடிக்கொண்டிருந்த காலமும் ஹாமின் ஆட்டக் காலமும் ஒன்றே. அந்தத் தேடலில் தடுக்கி விழுந்த இடங்களையெல்லாம் அவருடைய வாழ்க்கையிலேயே பார்க்கலாம்.

ஹாம் பிறந்தது 1972 மார்ச் 17, அலபாமா மாநிலத்தின் செல்மா நகரில். மூன்று மாதம் கழித்து, ஜூன் 23 அன்று, அதிபர் நிக்சன் ஒரு கல்விச் சட்டத்தில் கையெழுத்திட்டார். அதன் ஒன்பதாம் பிரிவு, மத்திய அரசின் பணம் பெறும் எந்தக் கல்வி நிறுவனமும் ஆண், பெண் என்று பாகுபாடு காட்டக்கூடாது என்றது. விளையாட்டு என்ற சொல்லே அந்த வாசகத்தில் கிடையாது. ஆனால் பலன் அங்கேதான் அதிகம் தெரிந்தது. அமெரிக்கப் பல்கலைக்கழகங்களுக்கு ஓட்டப்பந்தயமும் நீச்சலும் பெரிய செலவு இல்லை. அவர்கள் பெருமையாகப் போற்றும் முட்டை வடிவப் பந்து ஆட்டம்தான் செலவு. அதற்கு ஆண்களுக்கு வழங்கப்படும் உதவித்தொகைகள் பல டஜன். அந்தக் கணக்கைச் சரிக்கட்டப் பெண்கள் பக்கத்தில் நிறையப் பேர் ஆடும் ஒரு விளையாட்டு தேவைப்பட்டது. பதினோரு பேர் ஆடும், பெரிய சாதனங்கள் எதுவும் கேட்காத கால்பந்து கச்சிதமாகப் பொருந்தியது. உலகம் முழுவதும் ஆண்களின் ஆட்டமாக வளர்ந்த கால்பந்து, அமெரிக்காவில் மட்டும் பெண்களின் ஆட்டமாக வேர்விட்டதற்கு இந்தக் கணக்குப் பிள்ளை வேலையும் ஒரு காரணம். 1971-72இல் அந்த நாட்டின் உயர்நிலைப் பள்ளிகளில் விளையாடிய பெண்கள் சுமார் 3 லட்சம். 1990களின் இறுதியில் 26 லட்சத்துக்கும் மேல்.

ஹாமின் தந்தை விமானப்படை விமானி. தாய் பாலே நடனம் பயின்றவர். மகளையும் நடனத்தில் சேர்க்கப் பார்த்தார், மகளுக்குப் பிடிக்கவில்லை. பிறக்கும்போதே ஹாமுக்கு ஒரு பாதம் வளைந்திருந்தது. அதைச் சரிசெய்யச் சிறப்புக் காலணி அணிய வேண்டியிருந்தது. தந்தைக்கு இத்தாலியில் பணி வாய்த்தபோது குடும்பத்துக்குக் கால்பந்துப் பித்து தொற்றிக்கொண்டது. ஹாமுக்கு ஐந்து வயதானபோது பெற்றோர் எட்டு வயதுச் சிறுவன் ஒருவனைத் தத்தெடுத்தார்கள். பெயர் காரெட். தெருவில் பையன்கள் அணி பிரிக்கும்போது தங்கையைத் தன் பக்கம் சேர்த்துக்கொண்டவன் அவன்தான். சேர்த்துக்கொண்டது பாசத்தால் மட்டுமல்ல, ஜெயிக்கவும்தான்.

டெக்சாஸ் மாநில இளையோர் அணியில் ஆடிக்கொண்டிருந்த ஹாமை 14 வயதில் பார்த்தவர் ஆன்சன் டோரன்ஸ். வட கரோலினா பல்கலைக்கழகப் பெண்கள் அணிக்கும் அமெரிக்க தேசிய அணிக்கும் அப்போது அவரே பயிற்சியாளர். எந்தப் பெண் என்று தன்னிடம் சொல்ல வேண்டாம், தானே கண்டுபிடித்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டு மைதானத்துக்குப் போனாராம். ஆட்டம் தொடங்கிய சில விநாடிகளில் ஒல்லியான ஒரு பெண் பீரங்கிக் குண்டு போலப் பந்தை நோக்கிப் பாய்ந்தாள். அதற்குமேல் விசாரிக்கத் தேவை இருக்கவில்லை. 1987 ஆகஸ்டில், 15 வயதில், ஹாம் சீனாவுக்கு எதிராகத் தேசிய அணியில் ஆடினார்.

1989இல் வட கரோலினாவில் சேர்ந்தார். அங்கே பெண்கள் கால்பந்து என்றால் வெற்றி என்று பொருள். தேசியக் கல்லூரிச் சங்கம் பெண்கள் கால்பந்துக்குச் சாம்பியன் போட்டி நடத்தத் தொடங்கியது 1982இல். முதல் கோப்பையும் அதற்குப் பின் வந்தவற்றில் பெரும்பாலானவையும் இந்த அணிக்கே. டோரன்ஸின் முறை விசித்திரமானது. பயிற்சியில் நடக்கும் ஒவ்வொன்றுக்கும் மதிப்பெண். ஓட்டம், பந்தைக் கடத்துதல், ஒருவருக்கு ஒருவர் மோதல் எல்லாம் குறித்துவைக்கப்படும். யார் முதலிடம், யார் கடைசி என்று எல்லோரும் பார்க்கும்படி பட்டியல் ஒட்டப்படும். தோழியைத் தோற்கடிப்பது நட்புக்குத் துரோகம் என்று நினைத்து வளர்ந்த பெண்களுக்கு இது அதிர்ச்சி வைத்தியம். சிலரால் தாங்க முடியவில்லை. ஹாமுக்குப் பட்டியல் பிடித்திருந்தது. அதே அளவுக்கு அது அவரை வாட்டவும் செய்தது. வெளியே புலியாகத் தெரிந்த அவர் உள்ளுக்குள் தன்னையே நம்பாதவர். இரண்டு ஆட்டங்களில் கோல் விழவில்லை என்றால் தான் ஒன்றுக்கும் உதவாதவர் என்று நினைக்கத் தொடங்கிவிடுவார்.

ஒரு குளிர்காலக் காலைப் பொழுதில் காரில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்த டோரன்ஸ், பூங்காவில் ஒரு பெண் தன்னந்தனியாக வேக ஓட்டம் ஓடுவதையும் மூச்சு வாங்கக் குனிந்து நிற்பதையும் மறுபடி ஓடுவதையும் கண்டார். அது ஹாம். யாரும் பார்க்காத நேரத்தில் வியர்வையில் நனைந்து களைத்துக் குனிந்து நிற்பவர்தான் சாம்பியன் என்ற பொருளில் ஒரு சிறு குறிப்பு எழுதி அனுப்பினார். அமெரிக்கப் பள்ளி மைதானங்களில் அந்தக் குறிப்பு இன்றும் சுவரொட்டியாகத் தொங்குகிறது.

எண்ணிக்கைகளைப் பார்த்தால் கல்லூரி ஹாம் கொஞ்சம் நம்ப முடியாதவர். அவர் ஆடிய 95 ஆட்டங்களில் அணி தோற்றது ஒன்றே ஒன்றில், 1990இல் கனெக்டிகட்டிடம். 103 கோல்கள், பிறர் அடிக்க வழிசெய்தவை 72. 1992 பருவத்தில் மட்டும் 32 கோல்கள், 33 உதவிகள். உதவி கோலைவிட ஒன்று அதிகம் என்பதைக் கவனிக்க வேண்டும். கோல் பசி மட்டுமே கொண்ட முன்கள வீராங்கனை அல்ல அவர். வலப்பக்கம் பந்தை வாங்கி, தடுப்பாளரை நேருக்கு நேர் சந்தித்து, இரண்டே அடிகளில் வேகத்தைக் கூட்டிக் கடந்து போவார். தன்னைச் சூழ்ந்து இரண்டு மூன்று பேர் வந்ததும் காலியாக நிற்பவருக்குப் பந்து போய்விடும். அந்த ஆண்டு இறுதியில் டியூக் பல்கலைக்கழகத்தை வட கரோலினா 9-1 என்று வீழ்த்தியது. 1993இல் கடைசிப் பருவம், நான்காவது கோப்பை. 19 என்ற அவருடைய சட்டை எண்ணை இனி யாருக்கும் தருவதில்லை என்று பல்கலைக்கழகம் முடிவு செய்தது. 1994இல் அரசியல் அறிவியலில் பட்டம்.

இடையில் 1991இல் படிப்பை நிறுத்திவைத்துச் சீனா போயிருந்தார். ஃபிஃபா நடத்திய முதல் பெண்கள் உலகப் போட்டி. உலகக் கோப்பை என்ற பெயரைத் தரக்கூட ஃபிஃபாவுக்கு அப்போது மனமில்லை. மிட்டாய் நிறுவனம் ஒன்றின் பெயரைச் சேர்த்து வாயில் நுழையாத நீளத்தில் ஒரு பெயர் வைத்தது. ஆட்டமும் 90 நிமிடம் இல்லை, 80தான். 19 வயது ஹாம் அணியிலேயே இளையவர். வலப்பக்க நடுக்களத்தில் ஆடினார், முன்வரிசை மூத்தவர்களுடையது. குவாங்சோவில் நடந்த இறுதி ஆட்டத்தில் நார்வேயை அமெரிக்கா 2-1 என்று வென்றது. இரண்டு கோல்களும் மிஷெல் ஏக்கர்ஸ் அடித்தவை. அந்தப் போட்டியில் மட்டும் ஏக்கர்ஸ் அடித்தது 10.

உலக சாம்பியன்கள் நாடு திரும்பியபோது விமான நிலையத்தில் வரவேற்க விரல்விட்டு எண்ணக்கூடிய சிலரே இருந்தார்கள். அந்த நாட்களில் தேசிய அணியில் ஆடுபவர்களுக்குச் சம்பளம் இல்லை, நாளொன்றுக்கு 10 டாலர் படி.

பட்டம் வாங்கிய ஹாமின் முன் இருந்த சிக்கல் இப்போது புரியும். ஆண்களின் கூடைப்பந்திலோ பேஸ்பாலிலோ இந்தப் புள்ளிவிவரத்தோடு ஒருவர் கல்லூரியை விட்டு வெளியே வந்தால் வாசலிலேயே ஒப்பந்தத்தோடு ஆட்கள் நிற்பார்கள். 1994இல் அமெரிக்காவில் பெண்களுக்கு முழுநேரத் தொழில்முறைக் கால்பந்து லீக் என்று ஒன்று இல்லவே இல்லை. இந்தியாவில் நன்றாக ஆடும் பெண்ணுக்கு ரயில்வேயில் ஒரு குமாஸ்தா வேலையாவது உண்டு. மாலையில் ஆடலாம், மாதக் கடைசியில் சம்பளம் வரும். உலகின் பணக்கார நாட்டில் அந்த ஏற்பாடும் கிடையாது. ஏக்கர்ஸ் பிழைப்புக்காக ஸ்வீடனின் டிரெசோ கிளப்புக்குப் போய் ஆடினார். பிராண்டி சாஸ்டெய்ன் ஜப்பான் போய்வந்தார். மற்றவர்கள் கல்லூரி அணிகளில் உதவிப் பயிற்சியாளர் வேலை தேடிக்கொண்டார்கள்.

இதே நேரம் ஆண்கள் பக்கத்தில் நடந்ததையும் சொல்ல வேண்டும். 1994 ஆண்கள் உலகக் கோப்பை அமெரிக்காவில் நடந்தது. அமெரிக்க அணி இரண்டாம் சுற்றிலேயே பிரேசிலிடம் தோற்று வெளியேறியது. இரண்டே ஆண்டில், 1996இல், அவர்களுக்கு ஒரு லீக் தயார். உலகக் கோப்பையை நடத்தும் வாய்ப்புக்காக ஃபிஃபாவுக்குக் கொடுத்த வாக்கு அது. உலகக் கோப்பையையே வென்ற பெண்களுக்கு யாரும் வாக்குக் கொடுத்திருக்கவில்லை.

ஹாம் தேசிய அணியோடு தங்கிவிட்டார். அவருக்கு வருமானம் வந்தது காலணி நிறுவனத்திடமிருந்து. கோல் அடிப்பதற்குக் கிடைக்காத பணம் காலணி விற்பதற்குக் கிடைத்தது. 1990களின் பிற்பகுதியில் நைக்கி நிறுவனம் தன் தலைமையக வளாகத்தின் மிகப்பெரிய கட்டடத்துக்கே அவர் பெயரை வைத்தது. ஆனால் இது ஒருவருக்குக் கிடைத்த அதிர்ஷ்டம். அணியில் மற்ற பதினைந்து இருபது பேருக்கு அப்படி எதுவும் இல்லை. இது ஹாமுக்கும் தெரியும். விளம்பரங்களில் தனியாக நிற்பதற்கு அவர் கூச்சப்பட்டதற்கும், பேட்டிகளில் கேட்காமலே மற்றவர்களின் பெயர்களை அடுக்கியதற்கும் அடக்கம் மட்டும் காரணமல்ல.

1995 உலகக் கோப்பை ஸ்வீடனில். டென்மார்க்குடனான ஆட்டத்தின் கடைசி நிமிடங்களில் கோல்கீப்பர் பிரையானா ஸ்கரி சிவப்பு அட்டை வாங்கினார். மாற்று ஆட்டக்காரர்கள் தீர்ந்துவிட்டார்கள். கோல்கீப்பர் சட்டையை மாட்டிக்கொண்டு வலைக்கு முன் போய் நின்றவர் அணியின் முன்கள நட்சத்திரம் ஹாம். கோல் விழாமல் ஆட்டம் முடிந்தது. ஆனால் அரையிறுதியில் நார்வே பழிதீர்த்துக்கொண்டது.

அந்த ஆண்டு டிசம்பரில் மோதல் மைதானத்துக்கு வெளியே வந்தது. 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில்தான் பெண்கள் கால்பந்து முதன்முறையாக இடம்பெறவிருந்தது. தங்கம் வென்றால் மட்டுமே ஊக்கத்தொகை என்றது அமெரிக்கக் கால்பந்து சம்மேளனம். வெள்ளிக்கும் வேண்டும் என்றார்கள் வீராங்கனைகள். ஹாம் உட்பட ஒன்பது பேர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட மறுத்தார்கள். பயிற்சி முகாமுக்குள் அவர்களை விட முடியாது என்று சம்மேளனம் கதவடைத்தது. உலகின் சிறந்த ஆட்டக்காரர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டு ஒலிம்பிக்குக்குத் தயாராவது எப்படி என்று யாராவது கேட்டிருக்க வேண்டும். கடைசியில் சமரசம் ஏற்பட்டது.

ஒலிம்பிக் இறுதி ஆட்டம் ஜார்ஜியா மாநிலத்தின் ஏதென்ஸ் நகரில். பார்வையாளர்கள் 76,489 பேர். ஹாம் கணுக்கால் காயத்தோடு ஆடினார். அவர் அடித்த பந்து கம்பத்தில் பட்டுத் திரும்ப, ஷேனன் மக்மில்லன் அதை வலைக்குள் தள்ளினார். சீனாவுக்கு எதிராக 2-1, தங்கப் பதக்கம். ஒளிபரப்பு உரிமை வைத்திருந்த என்.பி.சி. தொலைக்காட்சி ஆட்டத்தின் துண்டுகளை மட்டும் காட்டியது. ஒரு மைதானத்தில் 76,000 பேர் கூடிக் கத்தியது நாட்டில் மற்றவர்களுக்குத் தெரியாது.

காரெட் அன்று அங்கே இருந்தார். எலும்பு மஜ்ஜை செயலிழக்கும் அப்ளாஸ்டிக் அனீமியா நோயோடு பல ஆண்டுகள் போராடிய அவர், மஜ்ஜை மாற்றுச் சிகிச்சைக்குப் பின் 1997 ஏப்ரலில் இறந்தார். தெருவில் தங்கையை அணியில் சேர்த்த அண்ணனுக்கு வயது 28. மஜ்ஜை தானத்துக்கும் சிறுமிகளின் விளையாட்டுக்கும் உதவ ஹாம் ஓர் அறக்கட்டளை தொடங்கினார்.

1999இல்தான் அமெரிக்காவே விழித்துக்கொண்டது. மே 22 அன்று பிரேசிலுக்கு எதிராக 108ஆவது கோல் அடித்து இத்தாலியின் எலிசபெத்தா வினியோத்தோவின் உலக சாதனையை ஹாம் கடந்தார். அடுத்த மாதம் சொந்த நாட்டில் உலகக் கோப்பை. சிறு மைதானங்கள் போதும் என்ற யோசனையை ஒதுக்கித் துணிந்து பெரிய மைதானங்களில் நடத்தினார்கள். முதல் ஆட்டத்துக்கே 78,972 பேர். முதல் கோலை அடித்தவர் ஹாம். ஜூலை 10 இறுதி ஆட்டத்துக்கு லாஸ் ஏஞ்சல்ஸ் அருகே ரோஸ் பௌலில் 90,185 பேர். அமெரிக்காவில் பெண்கள் விளையாட்டு ஒன்றுக்கு அவ்வளவு கூட்டம் அதற்கு முன் சேர்ந்ததில்லை. கால்பந்தில் அந்த எண்ணிக்கையை மிஞ்ச 2022இல் பார்சிலோனா வர வேண்டியிருந்தது.

அன்று கோல் எதுவும் விழவில்லை. பெனால்டி அடித்துத் தீர்மானிக்க வேண்டிய நிலை. ஹாமுக்குப் பெனால்டி என்றாலே நடுக்கம். தனக்குப் பதில் மக்மில்லனை அனுப்பலாமே என்று கேட்டுப் பார்த்தார், நடக்கவில்லை. நான்காவதாகப் போய் வலைக்குள் அடித்தார். ஐந்தாவது அடித்த சாஸ்டெய்ன் சட்டையைக் கழற்றி மண்டியிட்ட படம் உலகம் முழுவதும் பரவியது. ஹாமின் உதை யாருக்கும் நினைவில்லை. சாதனைக் கோல்களையெல்லாம்விட நடுக்கத்தோடு அடித்த அந்த ஒன்றுதான் அவருடைய ஆட்ட வாழ்வின் கடினமான கோல் என்று சொன்னால் தவறில்லை.

இந்த அலையில்தான் வூசா பிறந்தது. டிஸ்கவரி தொலைக்காட்சியைத் தொடங்கிய ஜான் ஹென்ட்ரிக்ஸும் கேபிள் டி.வி. முதலாளிகளும் பணம் போட்டார்கள். எட்டு அணிகள். தேசிய அணியின் 20 பேருக்கு நிறுவன உறுப்பினர்கள் என்ற தகுதியும் பங்கும் கிடைத்தன. சீனா, பிரேசில், ஜெர்மனி, நார்வே வீராங்கனைகள் வந்து சேர்ந்தார்கள். 2001 ஏப்ரல் 14 அன்று வாஷிங்டன் ஆர்.எஃப்.கே. மைதானத்தில் தொடக்க ஆட்டம். வாஷிங்டன் ஃப்ரீடம் அணியில் ஹாம், எதிரணியான பே ஏரியா சைபர்ரேஸில் சாஸ்டெய்ன். கூட்டம் 34,148. சாஸ்டெய்ன் ஹாமைத் தடுக்கப் போய் ஃபவுல் செய்தார். பெனால்டியை பிரேசிலின் பிரெட்டின்யா கோலாக்கினார். 1-0. 29 வயதில் ஹாமின் முதல் லீக் ஆட்டம்.

ஏக்கர்ஸ் அந்தப் புல்தரையில் கால் வைக்கவே இல்லை. நிறுவன உறுப்பினர் பட்டியலில் அவர் பெயரும் உண்டு. ஆனால் காயங்களும் தீராத சோர்வு நோயும் உடம்பைத் தின்றிருந்தன. 2000ஆம் ஆண்டிலேயே ஓய்வு பெற்றுவிட்டார். ஹாமே தன்னைவிடச் சிறந்தவர் என்று மதித்தவர் அவர். லீக் ஐந்தாண்டு முன்னால் வந்திருந்தால் என்ற கேள்வி எழாமல் இருக்காது.

வூசா ஏன் விழுந்தது? பெண்கள் ஆட்டத்தைப் பார்க்க ஆள் இல்லை என்பது எளிதாகச் சொல்லப்பட்ட காரணம். உண்மையில் முதல் பருவத்தில் ஆட்டத்துக்குச் சராசரியாக 8,000 பேர் வந்தார்கள். புதிய லீக்குக்கு மோசமில்லை. ஆனால் ரோஸ் பௌல் கூட்டத்தை மனத்தில் வைத்துக் கணக்குப் போட்டிருந்தார்கள். ஐந்தாண்டுக்கு என்று ஒதுக்கிய 4 கோடி டாலர் முதல் ஆண்டிலேயே கரைந்தது. எதிர்பார்த்த எண்ணிக்கையில் பெரிய விளம்பரதாரர்கள் வரவில்லை. 2002இல் ஒளிபரப்பு ஒரு சிறிய சேனலுக்கு, சனிக்கிழமை பிற்பகலுக்கு மாறியது. சிறுமிகள் பெரும்பாலும் தாங்களே மைதானத்தில் ஆடிக்கொண்டிருக்கும் நேரம் அது. உலகக் கோப்பை என்பது திருவிழா, லீக் என்பது வாரச் சந்தை. திருவிழாக் கூட்டத்தை நம்பிச் சந்தைக்குக் கூரை போட்டார்கள். 2003இல் சராசரி 7,000க்கும் கீழே போனது. நிறுவன உறுப்பினர்கள் தங்கள் சம்பளத்தைத் தாங்களே குறைத்துக்கொண்டார்கள். அதுவும் போதவில்லை.

விசித்திரம் என்னவென்றால் ஆட்டம் அப்போதுதான் கனிந்துகொண்டிருந்தது. முதல் பருவத்தில் அட்டவணையின் அடியில் கிடந்தது ஃப்ரீடம். 2002இல் புளோரிடா பல்கலைக்கழகத்திலிருந்து ஏபி வாம்பாக் என்ற இளம் முன்கள வீராங்கனை வந்தார். ஆறடிக்குச் சற்றே குறைவான உயரம், தலையால் முட்டி அடிப்பதில் அசகாய சூரர். ஹாம் பக்கவாட்டிலிருந்து பந்தைத் தூக்கிப் போட, வாம்பாக் முட்டுவார். முழங்கால் அறுவைச் சிகிச்சையால் அந்தப் பருவத்தின் முதல் பாதியை ஹாம் இழந்தாலும் அணி இறுதி வரை போனது. 2003 லீக் பருவத்தில் கோலுக்கு இரண்டு, உதவிக்கு ஒன்று என்ற கணக்கில் இருவரும் 33 புள்ளிகள் எடுத்தார்கள். ஆகஸ்ட் 24 இறுதி ஆட்டத்தில் கூடுதல் நேரத்தில் அட்லாண்டாவை 2-1 என்று வென்று கோப்பையைத் தட்டியது ஃப்ரீடம். இரண்டு கோலும் வாம்பாக்குடையவை. மூன்று வாரம் கழித்து லீக்கே இல்லை.

கல்லூரியிலிருந்து நேராகச் சம்பளத்துக்கு ஆட வந்த முதல் தலைமுறை வாம்பாக்குடையது. ஒன்பது ஆண்டு முன்பு ஹாமுக்கு இல்லாத வாசல் அவருக்குத் திறந்தது. இரண்டாவது பருவம் முடிந்ததும் முகத்தில் அறைந்து மூடிக்கொண்டது.

அடுத்து நடந்தவை வேகமாக முடிந்துவிட்டன. 2003 உலகக் கோப்பை அரையிறுதியில் ஜெர்மனி 3-0 என்று அமெரிக்காவை நொறுக்கியது. ஜெர்மன் பெண்களுக்கு ஊரில் சொந்த லீக் இருந்தது என்பதையும் இங்கே குறிப்பிடலாம். 2004இல் கிரேக்கத்தின் ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் மறுபடி தங்கம். கூடுதல் நேரத்தில் வாம்பாக் தலையால் முட்டிய கோல். நிறைவு விழாவில் தேசியக் கொடியை ஏந்திச் சென்றவர் ஹாம். டிசம்பர் 8 அன்று மெக்சிகோவுக்கு எதிராகக் கடைசி ஆட்டம். 17 ஆண்டுகளில் 158 கோல்கள். அந்தச் சாதனையை 2013 ஜூனில் உடைத்தவர் வாம்பாக்.

வூசாவுக்குப் பின் 2009இல் இன்னொரு லீக் முளைத்து 2011 பருவத்தோடு பட்டுப்போனது. 2013இல் தொடங்கிய என்.டபிள்யு.எஸ்.எல். மூன்றாவது முயற்சி. இம்முறை தேசிய அணியினரின் சம்பளத்தை முதலில் சம்மேளனமே ஏற்றுக்கொண்டது. 1995இல் ஒன்பது பேர் தொடங்கிவைத்த சண்டை, 2022இல் ஆண்களுக்குச் சமமான ஊதியம், 2.4 கோடி டாலர் ஈடு என்ற உடன்பாட்டில் போய் முடிந்தது.

கல்லூரிப் பாதையே இப்போது பழையதாகி வருகிறது. 2021 தேர்வில் இரண்டாவதாக எடுக்கப்பட்ட 18 வயது டிரினிட்டி ராட்மன் கல்லூரி அணிக்காக ஓர் ஆட்டம்கூட ஆடியதில்லை. கொரோனா அந்தப் பருவத்தை விழுங்கியிருந்தது. அதே ஆண்டு ஒலிவியா மோல்ட்ரி என்ற 15 வயதுப் பெண் நீதிமன்றத்துக்குப் போய் லீக்கின் வயது வரம்பை உடைத்தார். 2024 ஆகஸ்டில் கல்லூரி வீராங்கனைகளை அணிகள் வரிசைப்படி எடுக்கும் முறையையே லீக் கைவிட்டது. விரும்பிய அணியோடு யாரும் பேசி ஒப்பந்தம் செய்துகொள்ளலாம். அதே மாதத்தில்தான் 21 தேசியக் கல்லூரிப் பட்டங்கள் வென்ற டோரன்ஸ் வட கரோலினாவிலிருந்து ஓய்வு பெற்றார்.

லாஸ் ஏஞ்சல்ஸில் 2020இல் ஏஞ்சல் சிட்டி என்ற அணி அறிவிக்கப்பட்டபோது அதில் பணம் போட்டவர்களில் ஹாமும் ஒருவர். 2024இல் அதன் பெரும்பான்மைப் பங்குகள் கைமாறின. அணியின் மதிப்பு 25 கோடி டாலர் என்று போடப்பட்டது. எட்டு அணிகள் சேர்ந்து மூன்று பருவங்களில் இழந்த தொகையைப் போல் இரண்டரை மடங்கு.